தொட்டில் அட்டையின் பின்பக்கம்

போன மாதம் ஒரு சனிக்கிழமை காலை, சிட்னியின் கெல்லிவில்லில் என் மகன் வீட்டு மேசையில் ஒருவன் ஒரு பழைய அட்டையைக் கொண்டுவந்து வைத்தான். உள்ளங்கை அளவு அட்டை. ஒரு காலத்தில் வெளிர் நீலமாக இருந்தது; இன்றைக்கு அது என்ன நிறம் என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. மேல் விளிம்பில் கிளிப் கவ்வியிருந்த இடத்தில் துருக்கறை. முன்பக்கத்தில் ஒரு பிள்ளையின் நிறை, பிறந்த நேரம், தாயின் வார்ட் இலக்கம், அதற்குக் கீழே ஆங்கிலத்தில் நான்கு பெரிய எழுத்துகள். திருப்பினால் பின்பக்கத்தில் பென்சிலால் தமிழில் இரண்டே எழுத்து: உனை. ஆங்கிலம் வார்ட் சிஸ்டருடையது. தமிழ் என்னுடையது. அதை எழுதியபோது எனக்கு வயது இருபத்தாறு. எவ்வளவு பெரிய வில்லங்கத்தைப் பென்சிலால் எழுதியிருக்கிறேன் என்று விளங்க எனக்கு ஒரு முழு நாள் பிடித்தது.

அட்டையைக் கொண்டுவந்தவனுக்கு ஐம்பது வயதாகப் போகிறது. அந்த அட்டை தொங்கிய தொட்டிலில் கிடந்தவன் அவன்தான். அவனுக்குப் பெயர் வந்த கதையைச் சொல்வதென்றால் அவனுடைய தகப்பனாரிடமிருந்து தொடங்க வேண்டும். அவரை நான் குசினி அண்ணை என்றே கூப்பிட்டேன். அவருக்கு வேறு பெயர் இருந்தது, அது எல்லாப் படிவங்களிலும் இருந்தது, ஆனால் எனக்கு அவர் கடைசி வரைக்கும் குசினி அண்ணைதான்.

எழுபதுகளின் நடுப்பகுதி. நானும் இவரும், அதாவது என் கணவரும், யாழ்ப்பாணத்திலிருந்து சிட்னிக்கு வந்து இரண்டு வருடம் ஆகியிருக்கவில்லை. ஹோம்புஷில் ரெயில் பாதையை ஒட்டிய ஒரு ஃபிளாட். ரெயில் போகும்போது கோப்பையும் தட்டும் தாளம் போடும். ஒரு தமிழ் முகத்தைக் காண ஞாயிற்றுக்கிழமை வரை காத்திருந்த காலம். இவருக்கு ஓர் அலுவலகத்தில் படம் வரைகிற வேலை கிடைத்தது. எனக்கு ஒரு பிரசவ ஆஸ்பத்திரியின் பதிவறையில் எழுதுவினைஞர் வேலை. காலையில் வார்டு வார்டாகப் போய்ப் புதிதாகப் பிறந்த பிள்ளைகளின் தொட்டில் அட்டைகளுக்கு விபரம் எடுப்பேன். அப்படியே தாய்மாரின் சாப்பாட்டுப் பட்டியலையும் கொண்டுபோய்க் குசினியில் கொடுக்க வேண்டும். முதல் நாள் அந்தக் கட்டிடத்தில் வழிதெரியாமல் மூன்று தரம் ஒரே இடத்துக்கு வந்து நின்றுவிட்டு, “இந்தக் குசினி எங்கைதான் கிடக்குதோ” என்று என்பாட்டில் முணுமுணுத்தேன். உருளைக்கிழங்கு வண்டி தள்ளிக்கொண்டு வந்த ஒரு நெட்டை மனிதர் நின்று, “கொசினா? இங்கே, இங்கே” என்று கதவைத் திறந்துவிட்டார். ஸ்பெயினிலிருந்து வந்த அந்தச் சமையற்காரர்தான் குசினி அண்ணை.

போர்த்துக்கேயர் எங்கள் ஊரில் விட்டுப்போன சொற்கள் ஸ்பானிய மொழிக்கும் ஒன்றுவிட்ட சொந்தம் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. அதற்குப் பிறகு ஒவ்வொரு காலையும் பட்டியலோடு ஒரு சொல்லும் கொண்டுபோனேன். மேசை என்றேன், அவர் ‘மேசா’ என்றார். சப்பாத்து என்றேன், தன் காலைத் தூக்கிக் காட்டி ‘சப்பாத்தோ’ என்றார். சாப்பிடுகிற பாணும் அலுமாரியும் பிழையில்லாமல் தேறின. கதிரை மட்டும் கவிழ்த்துவிட்டது. நான் கதிரையைத் தொட்டுக்காட்ட முன்னரே அவர் தன் இடுப்பில் தட்டிவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். அவருடைய ஸ்பானிய மொழியில் அந்தச் சத்தத்துக்கு இடுப்பு என்று பொருளாம். அன்று முழுக்க அவர் முன்னால் நான் கதிரையில் இருக்கவில்லை.

ஆனால் அவரை ஸ்பானியர் என்று யாராவது சொன்னால் முகம் மாறிவிடும். தான் பாஸ்க் என்பார். ஸ்பெயினின் வடக்கு மூலையில், பிரான்ஸ் எல்லையோடு, மலைகளுக்கிடையில் வாழ்கிற சனம். அவர்களுடைய மொழி ஸ்பானிய மொழிக்கு உறவே இல்லாத தனி மொழி. நானும் ஒவ்வொரு நாளும் யாருக்காவது இந்தியா இல்லை இலங்கை, சிங்களம் இல்லை தமிழ் என்று விளங்கப்படுத்திக் களைத்தவள். எங்கிருந்து வந்தாய் என்ற கேள்விக்கு ஒரு சொல்லில் பதில் இல்லாத இரண்டு பேர் ஒரு குசினியில் சேர்ந்தால் சிநேகிதம் வராமல் என்ன செய்யும்.

அந்தத் தனி மொழி அவருக்குத் தெரியாது என்பது எனக்குப் பிந்தித்தான் தெரிந்தது. தகப்பன் பாஸ்க், தாய் தெற்கு ஸ்பெயின்காரி. தகப்பன் இறந்தபோது அவருக்கு ஏழு வயது. தாய் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு தன்னுடைய ஊருக்குப் போய்விட்டார். அங்கே அந்த மொழி பேச ஆளில்லை. அந்நாட்டை ஆண்ட ஜெனரலின் காலத்தில் பள்ளிக்கூடத்தில் பேசினால் அடி. அம்மா, அப்பா, தண்ணீர், பாண் என்று ஐந்தாறு சொற்கள்தான் அவரிடம் மிஞ்சியிருந்தன. அம்மாவுக்கு ‘அமா’ என்பார். தண்ணீருக்கு ‘ஊர்’ என்பார். இதை வீட்டில் போய்ச் சொன்னது நான் விட்ட முதல் பிழை. இவர் உலகத்தில் உள்ள எல்லா மொழியும் தமிழிலிருந்துதான் போனது என்று நிறுவத் துடிக்கிற ஆள். தண்ணி இருக்கிற இடத்தில்தானே ஊர் வரும் என்று அன்றைக்கே ஒரு கொப்பியில் தலைப்புப் போட்டு எழுதத் தொடங்கிவிட்டார்.

குசினி அண்ணையின் மனைவி அவுஸ்திரேலியப் பெண். கடற்கரையோரம் தெற்கே ஒரு பாற்பண்ணைக் குடும்பத்தில் பிறந்து, பதினெட்டு வயதில் சிட்னிக்கு ஓடிவந்து கடையொன்றில் வேலை பார்த்தவள். பேச்சுச் சுருக்கம், நேரே விஷயத்துக்கு வருகிற பிறவி. வசந்தகாலத்தில், ஜக்கரண்டா பூத்துத் தெருவெல்லாம் ஊதாவாகக் கிடந்த கிழமையில், அவளுக்கு எங்கள் ஆஸ்பத்திரியிலேயே ஆண்பிள்ளை பிறந்தது. குசினியிலிருந்து அன்று எல்லா வார்டுக்கும் இரட்டைப் பங்கு புடிங் போனது.

மறுநாள் நான் பட்டியலோடு போனபோது அவர் பிள்ளையின் பெயரைச் சொன்னார். உனாய். முதலில் எனக்குப் பிடிபடவில்லை. இன்னொருமுறை சொல்லச் சொன்னேன். அவர் வேகமாகச் சொன்னபோது என் காதில் அது அச்சொட்டாக ‘உனை’ என்றே விழுந்தது. ஆங்கில எழுத்தில் எழுதினால் உச்சரிப்பு மறந்துபோவேன் என்று கையிலிருந்த தொட்டில் அட்டையின் பின்பக்கத்தில் தமிழில் குறித்துக்கொண்டேன். முன்பக்கத்தில் பெயருக்கான இடத்தைப் பிறகு சிஸ்டர் நிரப்பட்டும் என்று விட்டேன். போகிற போக்கில், எங்கள் மொழியிலும் இப்படி ஒரு சொல் இருக்கிறது, ‘நீ’ என்பதை வேற்றுமையில் சொல்வது, செய்யுளில் நிறைய வரும் என்று பெருமையாக வேறு சொல்லிவைத்தேன். பக்கத்தில் தட்டுக் கழுவிக்கொண்டிருந்த உதவித் தாதி அதைக் கேட்டுக்கொண்டிருந்ததை நான் கவனிக்கவில்லை.

அந்த உதவித் தாதிதான் அட்டையைத் தொட்டிலில் மாட்டினாள், பின்பக்கம் முன்னால் தெரிய. குசினி அண்ணையின் மனைவி பகல் நித்திரையால் எழும்பிப் பார்க்கும்போது, பெற்ற பிள்ளையின் தலைமாட்டில் தான் வாழ்க்கையில் கண்டிராத சுருள் சுருளான எழுத்து. என்ன இது என்று கேட்டிருக்கிறாள். உதவித் தாதி தனக்குத் தெரிந்த அளவில் விளக்கம் கொடுத்திருக்கிறாள்: உன் புருசன் பிள்ளைக்கு ஓர் இந்தியப் பெயர் வைத்திருக்கிறார், பதிவறைப் பெண் எடுத்துக் கொடுத்தது, ‘நீ’ என்று பொருளாம்.

அடுத்த காலை நான் அந்த வார்டுக்குள் காலடி வைத்ததும் அவள் கட்டிலில் நிமிர்ந்து இருந்துகொண்டு, தன் மகனை வாழ்நாள் முழுக்க எல்லாரும் ‘ஏய், நீ’ என்று கூப்பிட வேண்டுமா என்று கேட்டாள். நான் நடந்ததைச் சொன்னேன். அப்படியானால் அந்தப் பாஸ்க் மொழியில் அதற்கு என்ன பொருள் என்றாள். எனக்குத் தெரியாது. அவருக்கும் தெரியாது என்று அவளே சொன்னாள். அதுதான் அவளுடைய ஆத்திரமே. பெற்ற தகப்பனுக்கே பொருள் தெரியாத ஒரு சத்தத்தை என் பிள்ளையின் தலையில் கட்ட மாட்டேன், சனிக்கிழமை வீட்டுக்குப் போகிறேன், அதற்குள் என்னவென்று கண்டுபிடிக்காவிட்டால் இவன் பெயர் பிரையன் என்று முடித்துவிட்டாள். அன்று செவ்வாய்க்கிழமை. அவளில் எனக்குக் கோபம் வரவில்லை. வெட்கமாக இருந்தது. குழப்பியது நான், சரிபார்த்துக் கொடுக்க வேண்டியதும் நான் என்று மனதில் ஊன்றிவிட்டது.

குசினி அண்ணையிடம் போய், இந்தப் பெயர் உங்களுக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். அவர் கரட் சீவுவதை நிறுத்தாமலேதான் பதில் சொன்னார். தகப்பன் தன்னைக் கூப்பிட்ட பெயர் அது. ஞானஸ்நானப் பெயர் எல்லாருக்கும் இருக்கிற புனிதர் பெயர். வீட்டில், வாசலில் நின்று, மலைச்சரிவைப் பார்த்துத் தகப்பன் கூப்பிட்டது உனாய். தகப்பனின் முகம்கூட இப்போது சரியாக வருவதில்லை, அந்தக் குரல் மட்டும் இருக்கிறது என்றார். பொருளைத் தாயிடம் கேட்டாராம். தாய்க்குத் தெரியாது, உன் அப்பன் என்ன திட்டினானோ என்று சொல்லிவிட்டாராம்.

முதலில் ஆஸ்பத்திரிக்கு வந்துபோகும் ஸ்பானியப் பாதிரியாரிடம் கேட்டேன். அப்படி ஒரு புனிதர் இல்லை, அது நாய்க்கு வைக்கிற பெயராக இருக்கும் என்றார் அவர், சிரிக்காமல். மதிய இடைவேளையில் ரெயில் பிடித்து நகரத்துப் பெரிய நூலகத்துக்குப் போனேன். ஸ்பானிய அகராதி தலையணைக்கு உதவும் தடிப்பில் இருந்தது, உனாய் இல்லை. பாஸ்க் அகராதி கேட்டதற்கு அங்கிருந்த அம்மா கூடையா பின்னுகிறீர்கள் என்று கேட்டார். அவருக்குக் காதில் பாஸ்கெட் என்று விழுந்துவிட்டது. வீட்டில் இவர் ஒருவர்தான் சந்தோசமாக இருந்தார்.

“உமக்கென்ன விசரே? அது சுத்தத் தமிழ்ச் சொல்லு. அந்தப் பிள்ளைக்குப் பொருள் தேடி ஏன் அலையிறீர்?” என்றார். கொப்பியில் உனைக்கு ஒரு முழுப் பக்கம் ஒதுக்கியாகிவிட்டது.

வியாழக்கிழமை குசினி அண்ணையே ஒரு கடதாசித் துண்டைக் கொண்டுவந்து நீட்டினார். அவுஸ்திரேலியாவுக்கு வந்த புதிதில் அவர் ஒரு பருவம் வடக்குக் குயீன்ஸ்லாந்தில் கரும்பு வெட்டியிருக்கிறார். அங்கே பாஸ்க்காரர் நிறையப் பேர். அவர்களில் ஒரு கிழவர் அந்த மொழியில்தான் கனவும் காண்பவர். இப்போது வெட்டுவதை விட்டுவிட்டு ஊர் ஹோட்டலில் மத்தியான வேளைகளில் இருப்பார். அந்த ஹோட்டலின் இலக்கம்தான் அது. எத்தனை வருடமாக இந்த இலக்கம் உங்களிடம் இருக்கிறது என்று கேட்டேன். எட்டு வருடம் என்றார். பிறகு ஏன் கேட்கவில்லை என்று நான் கேட்க முன்னரே, அது கெட்ட சொல்லாக இருந்தால் நான் என்ன செய்வது, என்றார். எனக்கு அப்பாவிடம் இருந்து வந்தது அது ஒன்றுதான் என்றும் சொன்னார்.

நானே பேசுகிறேன் என்றேன்.

ஆஸ்பத்திரி எக்ஸ்சேஞ்சில் இருந்த பெண் ட்ரங்க் கோல் போட்டுத் தந்தாள். பதிவறையில் நான் ரிசீவரைப் பிடித்துக்கொண்டு நிற்க, சாப்பாட்டுப் பட்டியலுக்காகக் காத்திருப்பவர் போலக் குசினி அண்ணை ஏப்ரனோடு வாசலில் நின்றார். பட்டியல் அவர் கையிலேயே இருந்தது. இரண்டாயிரம் கிலோமீற்றருக்கு அப்பால் யாரோ கத்தி, யாரோ கதிரை இழுத்து, கடைசியில் ஒரு கரகரத்த குரல் வந்தது. உனாய் என்றால் என்ன என்று நான் எழுத்துக் கூட்டிக் கேட்டேன். கிழவர் நான் சொன்னதைத் திருத்தி அழகாக ஒருமுறை உச்சரித்தார். பிறகு அவருக்கு ஆங்கிலச் சொல் வரவில்லை. மனிதன், நடக்கிறான், முன்னால் போகிறது என்றார். என்ன முன்னால் போகிறது என்றேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, அந்த ஹோட்டலில் எத்தனை பேர் இருந்தார்களோ தெரியாது, நீளமாக ஒருமுறை ‘ம்மோ’ என்று கத்தினார். லைனில் ஒட்டுக்கேட்டுக்கொண்டிருந்த எக்ஸ்சேஞ்ச் பெண் பொறுக்க முடியாமல் இடையில் புகுந்தாள்.

“மாடு மேய்க்கிறவன், லவ். அவர் சொல்வது மாடு மேய்க்கிறவன்.”

கிழவர் அதேதான் அதேதான் என்று மறுமுனையில் கைதட்டினார். கெட்ட சொல்லா என்று கேட்டேன். இல்லையில்லை, நல்ல சொல், பழைய சொல் என்றார்.

நான் சிரித்துக்கொண்டே திரும்பினேன். எனக்கு அது அவ்வளவு பெரிய நல்ல செய்தியாகப் பட்டது. ஆனால் மாடு கத்தியது வாசல்வரை கேட்டிருக்கிறது. குசினி அண்ணையின் முகம் விழுந்துபோய் இருந்தது. “மாட்டுக்காரப் பையன்,” என்றார். “வேலைக்காரனைக் கூப்பிடுகிற மாதிரி. அவ்வளவுதானா?” பட்டியலை என் மேசையில் வைத்துவிட்டுப் போய்விட்டார், அது அவருக்கு வேண்டிய பட்டியல். அன்று பகல் சூப்பில் உப்பு இல்லை என்று மூன்று வார்டிலிருந்து முறைப்பாடு வந்தது.

எனக்கு அது விளங்கவில்லை என்று சொல்ல முடியாது. என் தகப்பனார் பெயர் கோபாலபிள்ளை. தபாலதிபராக இருந்தவர், மாட்டின் வாலைக்கூடத் தொட்டதில்லை. என் தம்பிமார் கணக்கில் குறைய மார்க் எடுத்தால் ரிப்போட்டை மடக்கி மேசையில் தட்டி, “நீ மாடு மேய்க்கத்தான் சரி” என்பார். எங்கள் ஒழுங்கையில் எல்லா வீட்டிலும் அதே ஏச்சுத்தான். அதைக் கேட்டு வளர்ந்த எந்தப் பிள்ளையும் தகப்பன் தன்னை மாட்டுக்காரன் என்று கூப்பிட்டதாகக் கேட்டுத் துள்ளமாட்டான். ஆனால் அதே தகப்பனாரைப் பார்த்து ஒருத்தராவது, ஐயா, உங்கள் பெயரின் பொருளே அதுதானே என்று கேட்டது கிடையாது. கோபாலன் என்றால் பசுக்களைக் காப்பவன். கோவிந்தனும் அந்த வழிதான். ஏச்சுக்கும் சாமிக்கும் ஒரே தொழிலைக் கொடுத்து வைத்திருக்கிறோம், எங்களுக்கு அதில் ஒரு குழப்பமும் இல்லை. இதை நான் அன்று மாலை ரெயிலில் தொங்கிக்கொண்டு வரும்போதுதான் முதன்முதலாக யோசித்தேன், தனியே சிரித்தேன், முன்னாலிருந்தவர் பத்திரிகையை உயர்த்திக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை காலை குசினிக்குப் போய் இதையெல்லாம் அவருக்குச் சொன்னேன். எங்கள் கடவுளே மாடு மேய்த்தவர், எங்கள் ஊரில் தாய்மார் மடியில் கிடக்கிற பிள்ளையைக் கோபாலா கோபாலா என்று கொஞ்சுவார்கள் என்றேன். அவர் மரியாதைக்குத் தலையாட்டினார். உங்கள் நாட்டில் அது கடவுளாக இருக்கலாம், எங்கள் நாட்டில் அது ஒரு வேலை, என்றார். எங்கள் ஊரில் ஏழு வயதுப் பையன்கள் எல்லாரும் அதைத்தான் செய்தார்கள், அப்பாவும் அதற்காகத்தான் கூப்பிட்டிருப்பார். சொல்லிவிட்டுப் பாற்பெட்டிகளை அடுக்கத் தொடங்கினார். பேச்சை விட்டுவிடக்கூடாது என்பதற்காக மட்டும், உங்கள் வீட்டில் எத்தனை மாடு என்று கேட்டேன்.

அவர் பெட்டியைக் கையில் பிடித்தபடி நின்றார்.

“எங்களிடம் மாடு இல்லையே,” என்றார்.

ஒன்றுகூடவா என்றேன். ஒன்றும் இல்லை. தாத்தா காலத்து மாடுகள் நான் பிறக்குமுன் உள்நாட்டுச் சண்டையில் போய்விட்டன. அப்பா இரும்புப் பட்டறையில் வேலை செய்தார். மலைச்சரிவில் வாடகை வீடு. ஆடு இல்லை, கோழி இல்லை. ஒரு பூனை இருந்தது, அதுவும் பக்கத்து வீட்டுப் பூனை. சொல்லிக்கொண்டே வந்தவர் பூனையோடு நின்றுவிட்டார். பெட்டியைக் கீழே வைத்து அதன் மேலேயே இருந்தார். மேய்க்க ஒரு கால்நடையும் இல்லாத வீட்டில், வேலைக்கு அழைக்க ஒரு வேலையும் இல்லாத பிள்ளையை, ஒரு மனிதர் பட்டறையிலிருந்து வந்து வாசலில் நின்று அந்தப் பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறார். அது ஏவல் இல்லை, கொஞ்சல்தான் என்று நான் அவருக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. அவர் அழுதார். வெங்காயம் என்று சாட்டுச் சொல்லலாம் என்று சுற்றிப் பார்த்தேன், அங்கே ஒரு வெங்காயம்கூட இருக்கவில்லை. எனக்கும் கண் நிறைந்துவிட்டது. நான் அவருக்கு ஒரு சொல்லின் பொருளைத்தான் தேடப் போனேன், இது என் கணக்கிலேயே இல்லாத விஷயம்.

பிறகு நடந்தது முழு வார்டும் பார்த்தது. பார்வையாளர் நேரம் இல்லாத நேரத்தில், ஏப்ரனும் தொப்பியுமாக அவர் படியேறி ஓடினார். சிஸ்டர் கையை விரித்து மறித்தார். அவர் சிஸ்டரின் கைக்குக் கீழால் குனிந்து போனார். நான் பின்னால் மூச்சிரைக்கப் போய்ச் சேரும்போது மனைவியிடம் சொல்லி முடித்திருந்தார். அவள் மாடு மேய்க்கிறவன், மாடு மேய்க்கிறவன் என்று இரண்டு தரம் தனக்குத்தானே சொன்னாள். பிறகு தையல் போட்ட இடத்தைப் பிடித்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கினாள். விடியற்காலை நாலு மணிக்குப் பால் கறந்து கறந்து வெறுத்துத்தான் ஓடிவந்தேன், இனிமேல் என் வாழ்க்கையில் மாட்டின் முகத்திலேயே விழிக்கமாட்டேன் என்று அப்பாவிடம் சபதம் போட்டேன், இப்போது நானே ஒரு மாட்டுக்காரனைப் பெற்று வைத்திருக்கிறேனா என்றாள். சிரித்து ஓய்ந்ததும் பிள்ளையைத் தூக்கி அவர் கையில் கொடுத்தாள்.

“சரி. உனாய்தான். பிரையனை வேறு யாராவது வைத்துக்கொள்ளட்டும்.”

சிஸ்டர் அட்டையைப் பிடுங்கி முன்பக்கத்தில் நான்கு எழுத்தை அழுத்தி எழுதினார். பின்பக்கத்தில் இருந்ததை அழிக்க நான் ரப்பரோடு போனேன். அவள் விடவில்லை. இருக்கட்டும், அதுவும் இவன் பெயரில் வந்த கதைதானே என்றாள். சனிக்கிழமை தெற்கிலிருந்து அவளுடைய தகப்பன் வந்திருந்தார், கையில் தொப்பியும் ஒரு போத்தல் கிறீமும். மருமகனோடு அதுவரை பத்துச் சொல் பேசாத மனிதர். பெயரின் பொருளைக் கேட்டுவிட்டுத் தொட்டிலை வெகுநேரம் பார்த்து, வெளிநாட்டுக்காரன் ஒருத்தனுக்கு இப்போதாவது புத்தி வந்ததே என்றார். அந்தக் குடும்பத்தில் அது பெரிய ஆசீர்வாதம் என்று குசினி அண்ணை பிறகு எனக்கு விளங்கப்படுத்தினார்.

இந்தக் கதையை நான் அப்பாவுக்கு நீல விமானக் கடிதத்தில் எழுதினேன். உங்களுடைய ஏச்சையும் உங்களுடைய பெயரையும் சேர்த்து ஒரு கேள்வியும் கேட்டிருந்தேன். வந்த பதிலில் மழை, தோட்டம், தங்கச்சியின் பள்ளிக்கூடச் சோதனை எல்லாம் இருந்தன. என் கேள்விக்குப் பதில் இல்லை. ஆனால் கடைசியில், எப்போதும் இங்ஙனம் என்று தொடங்கி முழுப் பெயரும் எழுதிக் கையெழுத்து வைக்கிறவர், அந்த ஒரு முறை வெறுமனே கோபாலன் என்று வைத்திருந்தார். இரண்டு வருடம் கழித்துப் பிறந்த எங்கள் மகனுக்கு அந்தப் பெயரையே வைத்தோம். இவருக்கும் மறுப்பில்லை, உனை தமிழ்தான் என்ற தன் கொள்கையை மட்டும் அவர் கடைசி வரை கைவிடவில்லை. அந்தக் கொப்பி இப்போதும் மேல் தட்டில் இருக்கிறது.

இன்று அந்தக் கோபாலன் கட்டிய வீட்டில்தான் நான் இருக்கிறேன். நாங்கள் சிட்னிக்கு வந்த காலத்தில் கெல்லிவில் பக்கம் மாடுகள் மேய்ந்தன. இப்போது வேலிக்கு வேலி வீடு, புல் என்று பார்த்தால் வாசலில் ஒரு பாய் அகலம். உனாய் அவ்வப்போது வருவான். பள்ளிக்கூடத்தில் கணிதம் படிப்பிக்கிறான். மாடு என்றால் பயம். தாத்தாவின் பண்ணைக்குப் போன ஒரே விடுமுறையில் ஒரு கன்று அவனைத் துரத்திவிட்டதாம். வரும்போதெல்லாம் இந்தியக் கடைகள் நிறைந்த ஹரிஸ் பார்க்கில் இறங்கி எனக்கு இனிப்பு வாங்கிக்கொண்டு வருவான், என்னுடைய சீனி வருத்தத்தை என் மகனுக்குத் தெரியாமல் வளர்ப்பதில் அவனுக்குப் பங்கு உண்டு. குசினி அண்ணை இந்த வருடத் தொடக்கத்தில், எண்பதையும் கடந்து, மத்தியானச் சாப்பாடு முடித்து உறங்கிய உறக்கத்தில் போனார். அவருடைய அலுமாரியை ஒதுக்கும்போதுதான் இவனுக்கு அட்டை கிடைத்திருக்கிறது.

முன்பக்கம் எனக்குத் தெரியும், அந்தக் கதையை அப்பா கிறிஸ்மஸ் தோறும் சொல்வார், மாடு கத்துவது உட்பட, என்றான் ஆங்கிலத்தில். பின்பக்கத்தைப் பற்றி நீங்கள் ஏதோ பிழைவிட்டீர்கள் என்பது மட்டும்தான் தெரியும். இது என்ன சொல்கிறது, அன்ரி?

நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அந்த இரண்டு எழுத்தையும் பார்த்தேன். இருபத்தாறு வயதில் என் எழுத்து எவ்வளவு வடிவாக இருந்திருக்கிறது. அது ‘நீ’ இல்லை, அன்றைக்கு நான் அரைகுறையாகச் சொல்லிவிட்டேன் என்று தொடங்கினேன். இந்தச் சொல் தனியாக நிற்காது. யாரோ ஒருவர் உன்மேல் ஏதோ ஒன்றைச் செய்கிறார், அதற்கு முன்னால் வருகிற சொல் இது. உனை அழைத்தேன், உனை நினைத்தேன், உனைத் தேடினேன் என்று பின்னால் ஒன்று வந்தால்தான் வசனம் முடியும். இங்கே நான் முதல் சொல்லை மட்டும் எழுதிவிட்டு விட்டிருக்கிறேன்.

அவன் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். கணக்கு வாத்தியார் அல்லவா, நான் சொன்னதைத் தனக்குள் ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்தான் என்று நினைக்கிறேன். பிறகு, அப்பா பின் வளவில் நின்று என்னைக் கூப்பிடுவார், நான் ஓடிப்போய் என்ன வேண்டும் என்று கேட்டால் ஒன்றும் இல்லை என்பார், சும்மா கூப்பிட்டேன் என்பார், என்றான். எனக்கு அப்போதெல்லாம் எரிச்சல் வரும் என்றும் சொன்னான்.

தேநீர் குடித்து முடித்ததும், வீட்டுக்குக் கொண்டுபோய்க் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டிவைக்கப் போவதாகச் சொன்னான். என் மகன் வீட்டுப் பெட்டியிலிருந்த ஒரு காந்த வில்லையை எடுத்து, எப்படி இருக்கும் என்று அங்கேயே வைத்துப் பார்த்தான். உதவித் தாதி அன்று மாட்டியது போலவே, பென்சில் எழுத்து வெளியே தெரிய.

“இது சரியான பக்கம்தானே, அன்ரி?” என்றான், தனக்குத் தெரிந்த கொஞ்சத் தமிழில்.

ஓம் என்றேன்.